ரெண்டாந்தடவை ஓட்டிக் காட்டியவள்

ரெண்டாந்தடவை என்ற பெயரை நான் முதன்முதலாகக் கேட்டது எங்கள் தெருமுனையில். குடங்களை வரிசையாக வைத்துவிட்டு நகராட்சித் தண்ணீர் லாரிக்காக நின்றுகொண்டிருந்தோம். எனக்கு முன்னால் நின்ற தையற்காரி, "இன்னிக்கு ரெண்டாந்தடவை வருதாம்" என்றாள்.

"முதல் தடவையே இன்னும் வரலையேம்மா" என்றேன் நான்.

வரிசையே சிரித்தது. "அது வண்டி இல்லைக்கா, வண்டி ஓட்டற பொண்ணு. டிரைவர் வேலைக்கு டெஸ்ட் வச்சப்போ, அந்தப் பொண்ணை மட்டும் ரெண்டாந்தடவை ஓட்ட விட்டாங்கன்னு ஒருத்தர் கேஸ் போட்டிருக்கார்ல, அதுதான்" என்று தையற்காரி விளக்கினாள்.

கொஞ்ச நேரத்தில் லாரி வந்தது. ஒடிசலான பெண். இருக்கை பள்ளமாக இருந்ததால் ஒரு பழைய தலையணையைப் போட்டு அதன்மேல் உட்கார்ந்திருந்தாள். எங்கள் தெரு ஒரு வண்டி போனால் இன்னொரு வண்டி சுவரில் ஏற வேண்டிய தெரு. அவள் பின்பக்கமாகவே வண்டியைக் கொண்டுவந்து, யாருடைய குடத்தையும் உருட்டாமல் நிறுத்திவிட்டு இறங்கினாள். "சண்டை போடாம பிடிங்க. சண்டை போட்டா நான் ஓரமா உக்காந்து வேடிக்கை பாப்பேன், தண்ணி விட மாட்டேன்" என்றாள். எனக்கு அப்போதே அவளைப் பிடித்துப்போயிற்று.

அதன்பின் சில நாட்களில் ஒரு அம்மாள் என் வீட்டுக் கதவைத் தட்டினாள். என் வீட்டின் பின்பாதி வாடகைக்குக் காலியாக இருந்த சமயம்.

"எத்தனை பேர்?" என்று கேட்டேன்.

"ரெண்டு பேர். நானும் என் மருமகளும்."

"மகன்?"

"இல்லை" என்றாள். அந்த ஒரு சொல்லை அவள் சொன்ன விதத்திலேயே மீதி எனக்கு விளங்கிவிட்டது.

வாடகையைச் சொல்வதற்கு முன் யார் வீட்டுப் பிள்ளை, எங்கே வாழ்க்கைப்பட்டது என்று விசாரிப்பது என் வழக்கம். எழுத்து எனக்கு அவ்வளவாக வராது; உறவு என்றால் யாரும் எனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. அந்த அம்மாள் ஒரு டம்ளர் தேநீர் குடித்து முடிப்பதற்குள் பிடித்துவிட்டேன். அவளுடைய வீட்டுக்காரர் எனக்கு ஒன்றுவிட்ட அண்ணன். ஒன்றுவிட்ட என்று சொல்கிறேனே தவிர, நடுவில் மூன்று நான்கு விட்டுப்போயிருக்கும். இருந்தாலும் அண்ணன் அண்ணன்தான்.

"அப்படின்னா நீ எனக்கு நாத்தனாரா! சொந்தத்துக்குள்ள என்ன வாடகை, கொறைச்சுக்கோ."

"அண்ணியாச்சே, கூடத்தான் கேக்கணும்."

அன்று தொடங்கிய வாக்குவாதம் எங்களுக்குள் இன்னும் தீரவில்லை. சாயங்காலம் மருமகளும் வந்தாள். பார்த்தால் லாரிக்காரி. அண்ணன் மகன் எனக்கு மருமகன் முறை. அவன் கட்டியவள் எனக்கு மகள் முறை. எனவே அவளுக்கு நான் சின்னம்மா. தெருவே ரெண்டாந்தடவை என்று கூப்பிட்டுக்கொண்டிருந்த பெண், ஒரே நாளில் எனக்கு மகளாகிவிட்டாள்.

அவள் புருஷன் செங்கல் லாரி ஓட்டியவன். கல்யாணமான புதிதில் அவனோடு முன் இருக்கையில் உட்கார்ந்து போய் வருவாளாம். சும்மா உட்கார்ந்திருப்பதற்குப் பதில் கற்றுக்கொள் என்று அவன் வண்டியை அவளிடம் கொடுக்க, பழகி, உரிமமும் எடுத்துவிட்டாள். பிள்ளைகுட்டி கிடையாது. ஒருநாள் காய்ச்சல் என்று படுத்தவன் எழுந்திருக்கவே இல்லை.

துக்கம் முடிந்த கையோடு அண்ணியின் பெரிய மகன் வந்து ஏற்பாடு சொன்னானாம். அம்மா அவனோடு வரவேண்டியது. தம்பி மனைவி அவளுடைய அண்ணன் வீட்டுக்குப் போகவேண்டியது. அவனைக் கெட்டவன் என்று சொல்ல மாட்டேன். அவன் வீடு சின்னது, மனைவி மக்கள் வேறு. இரண்டு பேரையும் வைத்துக்கொள்ள இடமில்லை. ஆனால் அண்ணி ஒத்துக்கொள்ளவில்லை. அவளுக்குப் பெண் குழந்தை இல்லை. சின்ன மகனும் போன பிறகு, அப்போது குடியிருந்த ஒற்றை அறையில் இவளைச் சாப்பிட வைக்க அவளும், அவளைச் சாப்பிட வைக்க இவளுமாக இருந்து பழகிவிட்டார்கள். அண்ணி குறட்டை விட்டால்தான் மருமகளுக்குத் தூக்கம் வரும். மருமகள் வேலை விட்டு வந்ததும், ஸ்டியரிங் பிடித்து இறுகிப்போன தோளை அண்ணி எண்ணெய் போட்டு நீவிவிடுவாள். நீவும்போது வாய் சும்மா இருக்காது: "கழுத்தா இது, கட்டையா? இதுக்கு நான் சுவரைத் தேய்ச்சா சுவராவது பளபளங்கும்."

பெரியவன் கடைசியில், "சரி, அவளுக்கு ஒரு வேலைன்னு நிலைச்சா ரெண்டு பேரும் சேர்ந்தே இருங்க. இல்லைன்னா நான் வந்து உன்னைக் கூட்டிட்டுப் போயிடுவேன்" என்று சொல்லிவிட்டுப் போனான். அதற்குப் பிறகுதான் அவள் நகராட்சி வேலைக்கு மனுப் போட்டது. வேலை நிலைத்தால் ஒரே வீடு. போனால் அண்ணி ஒரு ஊர், அவள் ஒரு ஊர். அந்த வழக்கில் தொங்கிக்கொண்டிருந்தது இதுதான்.

வழக்கு என்னவென்றால், எழுத்துத் தேர்வு முடிந்ததும் நீரேற்று நிலையத்து முற்றத்தில் வண்டி ஓட்டிக் காட்டச் சொன்னார்கள். கம்பங்களை நட்டு, நடுவே வளைந்து வளைந்து போகும் பாதை. குறித்த நேரத்துக்குள், ஒரு கம்பமும் விழாமல், பின்பக்கமாகவே ஓட்டி, தண்ணீர் நிரப்பும் குழாய்வரை கொண்டுபோய் நிறுத்த வேண்டும். இவள் ஓட்டிக்கொண்டிருந்தபோது வண்டிக்குப் பின்னால் ஒரு நாய் குறுக்கே ஓடியது. பிரேக் போட்டாள். ஒரு கம்பமும் விழுந்தது. அங்கிருந்த அதிகாரி கையைத் தூக்கி நிறுத்தச் சொல்லி, நாயை விரட்டிவிட்டு, "மறுபடி ஓட்டும்மா" என்றார். மறுபடி ஓட்டினாள், ஒரு கம்பம்கூட அசையவில்லை. தேர்வானவர்களில் கடைசி ஆளாக வேலை கிடைத்தது.

அவளுக்கு அடுத்து நின்று வேலையைத் தவறவிட்டவர் ஒரு தனியார் தண்ணீர் லாரி டிரைவர். வேலிக்கு அந்தப் பக்கமிருந்து நடந்ததையெல்லாம் பார்த்தவர். ஆளுக்கு ஒரு தடவைதான் என்று அறிவிப்பில் போட்டிருக்கும்போது இவளுக்கு மட்டும் எப்படி இரண்டாம் தடவை என்று கோர்ட்டுக்குப் போய்விட்டார். நாங்கள் அவரை மனுக்காரர் என்றுதான் சொல்வோம். கோர்ட்டு வேலையைத் தடுக்கவில்லை. ஆனால் இந்த நியமனம் தீர்ப்புக்கு உட்பட்டது என்று ஆணையில் ஒரு வரி சேர்த்துவிட்டார்கள்.

அண்ணி அதைப் பற்றிச் சொன்னது: "சோத்தைப் போட்டுட்டு, தட்டை எப்ப வேணும்னாலும் இழுத்துக்குவேன்னு சொல்றாங்க. எப்படித் தொண்டையில இறங்கும்?"

வாய்தாவுக்கு மேல் வாய்தாவாக வருஷங்கள் ஓடின. வக்கீல்கள் பேசிப் பேசி, வழக்கு முழுவதும் ஒரே கேள்வியில் வந்து நின்றது: நாய் முன்னாடியா, கம்பம் முன்னாடியா? நாய் முதலில் வந்திருந்தால் அது இடைஞ்சல்; மறுபடி ஓட்டச் சொன்னது நியாயம். கம்பம் முதலில் விழுந்து, அந்தச் சத்தத்தில் நாய் மிரண்டு ஓடியிருந்தால் அவள் தோற்றவள். அதிகாரி சலுகை காட்டியிருக்கிறார். அந்த அதிகாரி ஓய்வுபெற்று, ஞாபகமில்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டார். தண்ணீர் வரிசையில் இதே பேச்சுதான். பால்காரர் கம்பம் கட்சி. தையற்காரி நாய் கட்சி. "எல்லாரையும் கூப்பிட்டு விசாரிக்கறாங்க, அந்த நாய்க்கு மட்டும்தான் சம்மன் போகலை" என்பாள்.

கோர்ட்டுக்கு நாங்கள் மூன்று பேரும் சேர்ந்துதான் போவோம். தாழ்வாரத்தில் இரண்டே பெஞ்சு. ஒன்று கால் ஆடும். எப்போது போனாலும் நல்ல பெஞ்சில் மனுக்காரரும் அவர் மனைவியும் உட்கார்ந்திருப்பார்கள். அண்ணி அவர்களோடு பேச மாட்டாள். என்னைப் பார்த்து, அவர்கள் காதில் விழுகிறமாதிரி பேசுவாள்.

"சில பேருக்கு, நாத்தனாரே, அடுத்தவங்க தட்டுல இருக்கற சோறுதான் ருசிக்கும்."

மனுக்காரர் ஒருநாள் பொறுக்கமாட்டாமல் திரும்பினார். தலை நரைத்து, சட்டைக் கழுத்து நைந்து, பார்க்கச் சாதுவான மனிதர். "அம்மா, நானும் சோத்துக்குத்தான் வந்திருக்கேன். எனக்கு நாயும் வரலை, ரெண்டாந்தடவையும் வரலை. நான் என்ன பண்ணட்டும், சொல்லுங்க."

  மருமகள் எழுந்துபோய், "அண்ணே, அத்தை பேசறதை மனசுல வச்சுக்காதீங்க" என்றாள். அவர், "பரவாயில்லம்மா, என் மாமியார் இதைவிட நல்லாப் பேசுவாங்க" என்றார். அவர் மனைவி அவரை முழங்கையால் இடித்தாள்.

நீதிபதி நேரடியாக அவளையே கூப்பிட்டுக் கேட்டது அன்றுதான். சட்டைப்பையில் கடலை வைத்துக் கொறித்துக்கொண்டே இருக்கும் எங்கள் வக்கீல், முந்தின நாளே அவளுக்குச் சொல்லி வைத்திருந்தார்: "நாய்தான் முன்னாடி. அவ்வளவுதான் நீங்க சொல்ல வேண்டியது. வேற ஒண்ணும் வேண்டாம்."

நீதிபதி கேட்டார்: "நீங்க சொல்லுங்கம்மா. எது முதல்ல?"

அவள் கொஞ்சம் யோசித்தாள். "கண்ணாடியில வாலைப் பார்த்தேங்க. கம்பம் தட்டற சத்தமும் கேட்டேங்க. ரெண்டும் ஒண்ணா வந்துச்சு. எது முன்னாடின்னு எனக்குத் தெரியலைங்க."

வக்கீல் கடலையைப் பைக்குள் போட்டுவிட்டார். நீதிபதி பேனாவைக் கீழே வைத்துவிட்டு இரண்டு தரப்பையும் பார்த்தார். பிறகு, ஓட்டினவங்களுக்கே தெரியாததை இங்கே உட்கார்ந்து நான் எப்படிக் கண்டுபிடிப்பது என்று சொல்லி, ஒரு உத்தரவு போட்டார். இரண்டு பேரும் அதே முற்றத்தில், அதே விதிப்படி, கோர்ட்டு அனுப்புகிற ஆளுக்கு முன்னால் ஒரே ஒரு தடவை ஓட்டிக் காட்ட வேண்டும்.

திரும்பி வரும்போது பஸ் முழுக்க அண்ணியின் குரல்தான்.

"நாய் முன்னாடின்னு ஒரு வார்த்தை. அதைச் சொன்னா உன் பல்லு கொட்டிடுமா?"

"தெரியாததைத் தெரியும்னு எப்படித்தை சொல்றது?"

"என் குழம்பு நல்லாருக்குன்னு தினமும் சொல்றியே, அது மட்டும் எப்படி வருது?"

பின் இருக்கையில் இருந்தவர்களெல்லாம் சிரித்தார்கள். அவளும் சிரித்துவிட்டாள். அண்ணி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, முந்தானையால் கண்ணைத் துடைத்ததை நான் மட்டும் பார்த்தேன்.

ஓட்டிக் காட்டுகிற நாள் வந்தது. நீரேற்று நிலையத்து முற்றம் ஈரமாகவே இருக்கும் இடம். குழாய்க்குக் கீழே பாசி பிடித்து வழுக்கும். சுண்ணாம்பு பூசிய கம்பங்களைப் புதிதாக நட்டிருந்தார்கள். கோர்ட்டு அனுப்பிய பெண்மணி குடையும் கடிகாரமுமாக நின்றாள். நாய் வராமல் பார்த்துக்கொள்ளவென்றே ஒருவர் கையில் கோலோடு வாசலில் நின்றார். நாங்கள் வேலியோரம். மனுக்காரரின் மனைவியும் எங்களுக்குப் பக்கத்தில்தான் நின்றாள். வேறு நிழல் அங்கே இல்லை.

ஒரு காலி டேங்கர் லாரியைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். சீட்டுப் போட்டதில் மனுக்காரர் பெயர் முதலில் வந்தது.

அழகாகத்தான் ஓட்டினார். கம்பத்துக்கும் வண்டிக்கும் நடுவே கை நுழையாத இடைவெளி, ஆனால் ஒன்றையும் தொடவில்லை. ஒரே ஒரு வினோதம். ஒவ்வொரு வளைவு வந்ததும் பிரேக் போட்டு நிறுத்தினார். நிறுத்தி, எதையோ மறந்துவிட்டு யோசிக்கிறவர் மாதிரி அப்படியே உட்கார்ந்திருந்தார். பிறகு எடுத்தார். அடுத்த வளைவிலும் அப்படியே. குழாயடியில் கொண்டுவந்து நிறுத்தியபோது அந்தப் பெண்மணி கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, கொடுத்த நேரம் தாண்டிவிட்டது என்றாள்.

மனுக்காரர் இறங்கி வந்து வேலியருகே நின்றார். திடீரென்று நெற்றியில் படாரென்று அடித்துக்கொண்டார். "காலி வண்டி! காலி வண்டின்னு தெரிஞ்சேதானே ஏறினேன்!"

"எதுக்குங்க நின்னீங்க?" என்று அவர் மனைவி அழாத குறையாகக் கேட்டாள்.

"தண்ணி அடங்கட்டும்னு நின்னேன்."

எங்களுக்கு ஒன்றும் புரியவில்லை. ரெண்டாந்தடவைதான் விளக்கினாள். "பாதித் தண்ணி இருக்கற டேங்கர்ல, சின்னம்மா, பிரேக் போட்டா வண்டி நின்னுடும், தண்ணி நிக்காது. உள்ளுக்குள்ளேயே முன்னும் பின்னும் போய் மோதும். அது அடங்கறதுக்குள்ள வண்டியை எடுத்தா, ஒரு பக்கமா இழுத்துட்டுப் போயிடும். அதனால வளைவுல நிறுத்தி, அது அடங்கினதுக்கு அப்புறம்தான் எடுப்போம். எங்க ஆளுங்க எல்லாருமே அப்படித்தான்."

அண்ணியின் முகம் விளக்கேற்றினமாதிரி ஆயிற்று. "அப்ப நீ எங்கேயும் நிக்காம வந்தா போதும்!"

"ஆமாத்தை."

"காலி வண்டி. நல்லா ஞாபகம் வச்சுக்கோ. காலி வண்டி."

"ஞாபகம் இருக்குத்தை."

ஏறினாள். முதல் வளைவில் நிற்கவில்லை. வண்டி வழுக்கிக்கொண்டு போவதுபோலப் போயிற்று. அண்ணி என் கையைப் பிடித்து நசுக்கினாள். இரண்டாவது வளைவு வந்தது. வண்டி நின்றது. அண்ணி வேலிக்கு மேலே ஏறாத குறையாக, "வாடி! நிக்காதே! காலி வண்டிடி!" என்று கத்தினாள். கோல் வைத்திருந்தவர் நாயை விட்டுவிட்டு எங்களை அதட்ட ஓடி வந்தார். அடுத்த வளைவிலும் நின்றாள். அதற்கடுத்ததிலும். ஒரு கம்பமும் அசையவில்லை. நேரம் மட்டும் தாண்டிவிட்டது.

அவள் இறங்கி எங்களிடம் வந்தாள்.

"நான் கத்தினேனே, காதுல விழலையா?"

"எனக்கு விழுந்துச்சுத்தை. காலுக்கு விழலை."

மனுக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். சிரிப்பதா அழுவதா என்று அவருக்கும் தெரியவில்லை. "எனக்காவது முன்னாடி யாரும் சொல்லலை, உனக்குச் சொல்லியும் நடக்கலையேம்மா" என்றார். தண்ணீர் வரிசையில் சில பேர், அவள் அந்த மனிதர்மேல் இரக்கப்பட்டு வேண்டுமென்றே நின்றிருப்பாள் என்று பேசினார்கள். அண்ணி அதற்கு, "அவ்வளவு நல்லவளா இருந்தா என்கூட இத்தனை வருஷம் குடித்தனம் பண்ணியிருக்க முடியுமா?" என்று ஒரே போடாகப் போட்டாள்.

அதன்பிறகுதான் பெரிய இடி விழுந்தது. நகராட்சித் தரப்பு வக்கீல், இரண்டு பேருமே நேரம் தாண்டிவிட்டதால் இரண்டு பேருக்கும் தகுதியில்லை, இந்த நியமனத்தை ரத்துசெய்துவிட்டுப் புதிதாக ஆள் எடுத்துக்கொள்கிறோம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார். எங்கள் வக்கீல் கடலை தின்னாமலே அதைச் சொன்னார். அதிலேயே நிலைமை தெரிந்தது.

சேதி எப்படியோ பெரியவனுக்குப் போயிற்று. ஞாயிற்றுக்கிழமை ஒரு வாடகைக் காரோடு வந்துவிட்டான்.

"அம்மா, கிளம்பு. தோத்த கேஸுக்குக் காத்திட்டு என்ன பண்றது?"

"தீர்ப்பு வரட்டும்டா. நீ என்ன ஜட்ஜா?"

"எப்படியும் வரத்தானே போறே. லீவு கிடைக்கறப்பதானே நான் வரமுடியும்?"

அண்ணி நகரவில்லை. மருமகள்தான் எழுந்தாள். அண்ணியின் துணிகளை எடுத்து மடித்துப் பெட்டியில் வைத்தாள். பிறகு பெரியவனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, மெதுவாகச் சொன்னாள்: "மாமா, வெள்ளை மாத்திரை சாப்பாட்டுக்கு முன்னாடி, மஞ்சள் பின்னாடி. சாப்பிட்டுட்டேன்னு சொல்வாங்க, நம்பாதீங்க. இடது காது கொஞ்சம் மந்தம். அந்தப் பக்கம் நின்னு பேசினா பதில் வராது, கோவிச்சுக்கிட்டாங்கன்னு நெனைச்சுடாதீங்க. நிஜமாவே கோவம்னா சாப்பிட வரமாட்டாங்க. ஒரு தடவை கூப்பிட்டுட்டு விட்டுடாதீங்க. மறுபடி கூப்பிட்டா வந்துடுவாங்க."

பெரியவன் தலையைக் குனிந்துகொண்டான். பெற்ற தாயின் எந்தக் காது மந்தம் என்பது அவனுக்கு அன்றுதான் தெரியும் என்று நினைக்கிறேன்.

"என்ன, மாட்டை விக்கறமாதிரி குணத்தையெல்லாம் சொல்லிக் குடுக்கறே?" என்று அண்ணி அதட்டினாள்.  மருமகள் பெட்டிமேலேயே முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். அந்த வீட்டில் அவள் அழுது நான் பார்த்தது அப்போதுதான். அண்ணி தரையில் நகர்ந்து நகர்ந்து போய், அவள் தோளை நீவ ஆரம்பித்தாள். திட்டவில்லை.

பெரியவன் எழுந்தான். "தீர்ப்பு வந்தப்புறம் வரேன்" என்று சொல்லிவிட்டு, வந்த காரிலேயே திரும்பிப் போனான்.

கடைசி வாய்தாவுக்குப் போனபோது தாழ்வாரத்தில் மனுக்காரர் எங்களைப் பார்த்ததும் எழுந்து நல்ல பெஞ்சை விட்டுக்கொடுத்தார். அண்ணியும் மறுக்காமல் உட்கார்ந்தாள். அவர் மனைவி பக்கத்தில் நெருங்கி உட்கார்ந்து கேட்டாள்: "வேலை போயிட்டா என்னம்மா பண்ணுவீங்க?"

"நான் பெரிய மகன்கிட்ட. அவ அவங்க அண்ணன்கிட்ட."

"ஏன், சேர்ந்து இருக்க முடியாதா?"

"பெரியவன் வீட்டுல என்ன உறவுன்னு சொல்லிக்கிட்டு அவ இருப்பா? அவளைக் கட்டின மகனே இல்லையே."

மனுக்காரர் சுவரில் சாய்ந்து நின்று கேட்டுக்கொண்டிருந்தார். 

உள்ளே கூப்பிட்டார்கள். நகராட்சி வக்கீல் பேசினார், எங்கள் வக்கீல் பேசினார். மனுக்காரரின் வக்கீல் எழுந்தபோது, அவர் பின்னாலிருந்து வக்கீலின் கோட்டை இழுத்தார். வக்கீல் உட்காரச் சொல்லிக் கையைக் காட்டினார். இவர் உட்காரவில்லை. நீதிபதி பார்த்துவிட்டு, "என்ன? சொல்லுங்க" என்றார்.

"ஐயா, ரெண்டு பேருக்கும் இல்லைன்னா நான் மனுவைத் திரும்ப எடுத்துக்கறேங்க."

"எடுத்துக்கிட்டா உங்களுக்கு ஒண்ணும் கிடைக்காது, தெரியுமா?"

"இப்பவும் ஒண்ணும் கிடைக்கலையேங்க. நான் கேக்க வந்தது எனக்கு ஒரு வேலை. அந்தம்மா வேலை போகணும்னு கேக்க வரலைங்க."

"மனுவில் அப்படித்தானே இருக்கு?"

"அது வக்கீல் ஐயா எழுதினதுங்க. நான் கையெழுத்துதான் போட்டேன்."

எங்கள் வக்கீல் சிரிப்பை அடக்கக் கைக்குட்டையை எடுத்தார். நீதிபதி சிரிக்கவில்லை. கோர்ட்டு ஆளின் அறிக்கையைப் புரட்டினார். இரண்டு பேரும் ஒரே இடங்களில் நின்றிருக்கிறார்களே, ஏன் என்று கேட்டார். ரெண்டாந்தடவை எழுந்து, தண்ணீர் அடங்குவதைப் பற்றி எங்களுக்குச் சொன்னமாதிரியே சொன்னாள். மனுக்காரர் பக்கத்தில் நின்று ஆமாங்க ஆமாங்க என்று தலையாட்டினார். இத்தனை வருஷத்தில் இரண்டு தரப்பும் ஒரே பேச்சுப் பேசியது அன்றுதான்.

நீதிபதி நகராட்சி வக்கீலிடம் திரும்பினார். "நீங்க தண்ணி லாரிக்குத்தானே ஆள் தேடறீங்க?"

"ஆமாங்க."

"வேற காலியிடம் இருக்கா?"

வக்கீல் பின்னால் இருந்த அதிகாரியிடம் குசுகுசுவென்று கேட்டுவிட்டு, ஒரு டிரைவர் ஓய்வுபெற்றதில் ஓர் இடம் காலியாகத்தான் இருக்கிறது, ஆனால் மனுதாரருக்கு வயது வரம்பு தாண்டிவிட்டது என்றார்.

"அந்த வயசை இந்தக் கோர்ட்டு தாழ்வாரத்துலதான் கழிச்சிருக்கார். அதைக் கணக்குல எடுக்க வேண்டாம்" என்றார் நீதிபதி.

தீர்ப்பைப் படித்தபோது எனக்குப் பாதி புரியவில்லை. வக்கீல் வெளியே வந்து சொன்னார்: அன்றைக்கு மறுபடி ஓட்டச் சொன்னது அங்கிருந்த அதிகாரியின் முடிவு, அவளுடைய தவறு அல்ல. இத்தனை வருஷம் ஒரு புகாரும் இல்லாமல் வேலை பார்த்தவளின் நியமனத்தைத் தொடக் கூடாது. காலியாக இருக்கிற இடத்தை மனுக்காரருக்குக் கொடுக்க வேண்டும். பழைய வருஷங்களை அவர் கேட்கக் கூடாது. பணி மூப்பில் அவளுக்குக் கீழேதான்.

அண்ணிக்கு இடது பக்கம் நின்று சொல்லிவிட்டார் போலிருக்கிறது. "என்னவாம்? என்னவாம்?" என்று என்னையே கேட்டாள். நான் வலது காதில் சொன்னேன். நேராக மனுக்காரரிடம் போனாள். ஏதோ பெரிதாகச் சொல்லப்போகிறாள் என்று நினைத்தேன். "சட்டைக் காலர் நைஞ்சு கிடக்கு. புது வேலைக்கு இப்படியா போவே? எங்க தெருவுல தையற்காரி இருக்கா, கொண்டா" என்றாள். அவர் மனைவிதான் அழுதாள்.

மனுக்காரருக்கு அவ்வளவு சுலபமாக முடியவில்லை. நகராட்சி அந்த ஆணையைக் கொடுக்க அவரை இன்னும் பல தடவை நடக்கவைத்தது. சேர்ந்தபோது அவர் வயதில் பாதி இருப்பவர்களுக்கெல்லாம் கீழே பணி மூப்புப் பட்டியலில் அவர் பெயர் இருந்தது. அந்த வருத்தம் அவருக்கு உண்டு, எப்போதாவது சொல்வார். நியாயம்தான். பெரியவனுக்குச் சேதி சொன்னபோது, அவன் அம்மா மாத்திரையை ஒழுங்காகச் சாப்பிடுகிறாளா என்று கேட்டான். இப்போது மாதம் ஒரு தடவை வந்து பார்த்துவிட்டுப் போகிறான்.

ரெண்டாந்தடவை அதே நீரேற்று நிலையத்தில் டிரைவராக இருக்கிறாள். அண்ணியும் அவளும் என் வீட்டின் பின்பாதியில் குடியிருக்கிறார்கள்.